பெட்டிக்குள் இருப்பவனைக் கூப்பிடுகிறவள்

கொட்டகையில் விளக்கு அணைந்ததும் அர்மிதா முதலில் காலணியைக் கழற்றுவாள். பிறகு கைப்பையைத் திறந்து, கைக்குட்டையில் சுற்றிய ரொட்டி இருக்கிறதா என்று தொட்டுப் பார்ப்பாள். அதன்பின் அசையமாட்டாள். திரையில் ஆந்தை அலறும், மெழுகுவத்தி தானாக அணையும், இரவு உடை அணிந்த ஒருத்தி எந்தக் காரணமும் இல்லாமல் கல்லறை நிலவறைக்குள் இறங்கிப் போவாள். அர்மிதா கொட்டாவி விடுவாள். அந்த இரவு உடையைத் தைத்தவளே அவள்தான்.

சவப்பெட்டி வரும் கட்டத்தில் மட்டும் எழுந்து நிற்பாள். பெட்டிக்குள் வெளுத்த முகத்தோடு ஒருவன் மார்பில் கைகட்டிக் கிடப்பான். "நசரேனோ!" என்று கூப்பிடுவாள். சந்தையில் நாலு கடை தள்ளி நிற்பவனைக் கூப்பிடுகிற குரல். இரண்டாவது தடவை "நசரே..." என்று வாயெடுப்பதற்குள் காட்சி மாறிவிடும். குதிரை வண்டி ஒன்று மூடுபனிக்குள் ஓடிக்கொண்டிருக்கும்.

எங்கள் ரோமாபுரிக் கொட்டகைகளில் சும்மா இருப்பார்களா? "ஏம்மா, அவன் செத்து நூறு வருஷம் ஆச்சு, உட்காரும்மா!" என்று ஒரு குரல். "ஏலே செத்தவனே, வீட்டுல கூப்பிடுறாங்க பாரு, போயிட்டு வா!" என்று இன்னொன்று. "சேமியா ஆறிப்போகுதாம்டா!" அர்மிதா காதில் எதுவும் ஏறாது. காலணியை மாட்டிக்கொண்டு, படம் பாதியில் இருக்கும்போதே வெளியே வந்துவிடுவாள்.

"இன்னிக்கும் ஆகல, துல்லியோ. ரொம்பக் குட்டையா வெட்டிட்டான் அந்தப் பாவி" என்பாள். பாவி என்பது படத்தை வெட்டி ஒட்டியவன். அவன் செத்துப்போய்ப் பல காலம் ஆகிறது. இருந்தாலும் ஒவ்வொரு தடவையும் அவனுக்கு வசவு உண்டு.

துல்லியோ நான்தான். விளக்குக்காரன். பரணில் ஏறி உட்கார்ந்து, கீழே இருப்பவர்கள் மூஞ்சியில் வெளிச்சம் அடித்தே பிழைத்தவன். எனக்குப் பேய் பிசாசில் நம்பிக்கை கிடையாது. எத்தனை பேய்களுக்கு நானே பச்சை விளக்குப் போட்டிருக்கிறேன்! அர்மிதாவோடு கொட்டகைக்குப் போவது துணைக்குத்தான். ஒண்டியாக எழுந்து நின்று கத்துகிற பெண்பிள்ளையை யாராவது ஆஸ்பத்திரி வண்டியில் ஏற்றிவிட்டால் என்ன செய்வது என்கிற கவலை எனக்கு.

மன்சோலி என்கிற முதலாளியிடம் அவள் உடைப் பிரிவில் இருந்தாள். உடைப் பிரிவு என்றதும் பெரிதாக எண்ணிக்கொள்ள வேண்டாம். ஒரு தையல் இயந்திரம், இரண்டு டிரங்குப் பெட்டி, அவள். மன்சோலிக்குப் படம் என்பது மூன்று வாரத்தில் முடிந்தாக வேண்டிய சமாச்சாரம். ஊரில் எது ஓடுகிறதோ அதையே இன்னும் மலிவாக, இன்னும் கொஞ்சம் ரத்தத்தோடும் இன்னும் கொஞ்சம் தோலோடும் எடுத்துத் தள்ளுவார். அவரைப் போல நாற்பது பேர் இருந்தார்கள். வெளியே சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும், அந்தப் படங்கள்தான் எங்கள் ஆயிரம் வீடுகளில் அடுப்பு எரித்தன.

அர்மிதாவின் டிரங்குப் பெட்டியில் ஒரு கம்பளித் துணி இருந்தது, நல்ல சிவப்பு. எண்ணெய் பூசிய மல்லர்கள் அட்டைத் தூணைச் சாய்க்கும் படங்கள் ஓடிய காலத்தில் அது படைத் தளபதியின் போர்வை. அந்த மோகம் ஓய்ந்து ரத்தக் காட்டேரி மோகம் வந்தபோது கறுப்புச் சாயத்தில் முக்கினாள். பிரபுவின் அங்கியாயிற்று. பிறகு எல்லோரும் ஸ்பெயின் பொட்டல்காட்டுக்குப் போய்க் குதிரை ஏறிச் சுட்டுக்கொண்டார்கள். துணியின் நடுவில் ஓட்டை போட்டாள், மெக்சிகோக் கொள்ளைக்காரன் தலையை நுழைத்துக்கொண்டான். கையுறை போட்ட கொலைகாரன் வந்தான், அவன் மழைக்கோட்டுக்கு உள்துணியாயிற்று. கன்னிமாடத்தில் தப்புத்தண்டா நடக்கும் படங்கள் வந்தபோது முக்காடு. கடைசியில் பிணங்களே எழுந்து நடக்க ஆரம்பித்ததும் காப்பிச் சக்கையில் ஊறவைத்து நார்நாராகக் கிழித்துவிட்டாள். "பாவம்டா இந்தத் துணி, எத்தனை தடவைதான் சாகும்" என்று அதைத் தட்டிக்கொடுத்தபடி சொல்வாள்.

படுக்கையறைக் காட்சி என்றால் இரண்டு தடவை எடுப்போம். தணிக்கை கண்டிப்பான ஸ்பெயினுக்குத் தோளை மூடி, ஜெர்மனிக்கு மூடாமல். இடையில் ஓடிப்போய்த் தையல் போடுவதும் பிரிப்பதும் அர்மிதா. "ஸ்பெயின்காரனுக்கு மட்டும் குளிருதாக்கும்" என்று வாயில் குண்டூசியைக் கவ்விக்கொண்டே முணுமுணுப்பாள். சாயந்திரம் வாளி வாளியாகப் பச்சைத் தண்ணீர் வைத்துப் போலி ரத்தத்தை அலசிக்கொண்டிருப்பாள். மறுநாள் கொலைக்கு அதே சட்டை வேண்டுமே.

இன்னொரு வழக்கமும் எங்களுக்கு இருந்தது. எங்கள் படங்களில் எங்கள் பெயர் இருக்காது. நம் ஊரான் எடுத்த பேய்ப் படத்துக்கு நம் ஊரான் காசு கொடுக்கமாட்டான், அமெரிக்காவிலிருந்து வந்ததென்றால் கொடுப்பான். ஆகவே இயக்குநர் முதல் தேநீர் ஊற்றுகிறவன் வரை எல்லோருக்கும் மன்சோலியே உட்கார்ந்து பெயர் வைப்பார். சுவரொட்டியில் நான் டாம் ஸ்டோன்வெல். அர்மிதா, ஆன் மிட்வுட். பெயர்ப் பட்டியல் திரையில் ஏறும்போது என் அம்மா கடைசி வரை என்னைத் தேடிக்கொண்டிருந்தாள், பாவம்.

சவப்பெட்டியில் படுக்கிறவனுக்கு அர்மிதா ஒரு சடங்கு வைத்திருந்தாள். படுக்குமுன் அவன் காலணிக்குள் ஒரு சிட்டிகை உப்புப் போடுவாள். காட்சி முடிந்ததும் யாரும் கிட்டே போகக் கூடாது. அவள் வந்து, அவனுக்கு ஞானஸ்நானத்தில் வைத்த பெயரைச் சொல்லி மூன்று தடவை கூப்பிடுவாள். அவன் "இருக்கேன்" என்று சொல்லி எழுந்து, அவள் கையிலிருந்து ஒரு துண்டு ரொட்டி வாங்கித் தின்ன வேண்டும். "படுக்கிறது லேசுடா, எழுந்திரிக்கிறதுலதான் இருக்கு" என்பாள். "ரொட்டி எதுக்கு?" என்று நான் கேட்டேன். "செத்தவனுக்குப் பசிக்காது. தின்னுட்டான்னா நம்ம ஆளு."

படச்சுருளைச் சாண் சாணாக அளந்து செலவழிக்கிற மன்சோலி இதற்கு மட்டும் வாய் திறந்ததில்லை. அவரும் எங்கள் ஊர்க்காரர்தானே. அர்மிதா கூப்பிட்டு முடிக்கிற வரை கெட்டது அண்டாமலிருக்கக் கால்சட்டைப் பைக்குள் இரும்புச் சாவியைத் தடவிக்கொண்டு நிற்பார்.

நசரேனோ அவள் தம்பி. ஒரே தம்பி. தெஸ்தாச்சோ சந்தையில் மீன்கடை வைத்திருந்தவனை, ஆள் வாட்டசாட்டமாக இருக்கிறான் என்று அவள்தான் மன்சோலியிடம் கூட்டி வந்தாள். குதிரையிலிருந்து விழுவான், மாடிப்படியில் உருளுவான், மல்லனிடம் அறை வாங்குவான், எல்லாம் சிரித்துக்கொண்டே. சாப்பாட்டுக்கு உட்கார்ந்தால் ஒரு பழக்கம்: முதல் வாய் எடுத்துவைக்குமுன் விரல்களை மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்து பார்ப்பான்.

"என்னடா, மீன் இன்னும் போகலையா?" என்று நாங்கள் கேலி செய்வோம்.

"நாலு சோப்புத் தேய்ஞ்சாச்சு துல்லியோ, நெத்திலி மட்டும் விடமாட்டேங்குது" என்பான்.

சவப்பெட்டியிலிருந்து அவனை எழுப்புவது எங்களுக்கெல்லாம் ஒரு வேடிக்கை. மூன்றாவது கூப்பாட்டுக்கு நாய் மாதிரி ஊளையிட்டுக்கொண்டு எழுவான். ஒப்பனைக்காரப் பெண்கள் அலறிக்கொண்டு ஓடுவார்கள். "இருக்கேன் அர்மி, இருக்கேன்!" என்று அக்கா கையிலிருந்து ரொட்டியைப் பிடுங்கித் தின்பான்.

அந்த நாள் அறுபதுகளின் நடுவில். ஏரிக்கு அப்பால் ஒரு பாழடைந்த மாளிகை, நல்ல மழை. படத்தை வாங்க ஜெர்மனியிலிருந்து ஒருவர் வந்திருந்தார். படம் அமெரிக்கர்கள் எடுப்பது என்று மன்சோலி அவரிடம் அடித்துவிட்டிருந்தார். காலையிலேயே எங்களை வரிசையாக நிறுத்தி, "இன்னிக்கு எவன் வாயிலாவது நம்ம ஊர்ப் பேர் வந்துச்சோ, அவன் நாளைக்கு வர வேணாம். சுவரொட்டிப் பேர்தான். தும்மினாலும் அமெரிக்கக்காரன் மாதிரி தும்மணும்" என்றார்.

நசரேனோவுக்குப் பிரபு வேடம், முதல் பெரிய வேடம். சுவரொட்டிப் பெயர் கென் ரிட்லி. பெட்டியில் படுக்குமுன் அர்மிதா உப்புப் போடக் குனிந்தபோது அவள் கையைப் பிடித்துக்கொண்டான். நான் பரணில் இருந்தேன், கீழே பேசுவது நன்றாகவே கேட்டது.

"அக்கா, கெஞ்சிக் கேட்கிறேன். இன்னிக்கு மட்டும் என்னை அந்தப் பேர்ல கூப்பிடு. இந்த ஜெர்மன்காரனுக்குப் பிடிச்சுப்போச்சுன்னா அடுத்த படத்துல நான்தான் நாயகன். மீன்கடைப் பேரைச் சொல்லி மானத்தை வாங்கிடாத."

"படுக்கிற எடத்துல பேரை மாத்தாதடா."

"அட, நடிக்கத்தானே படுக்கிறேன்!"

படுத்தான். நான் விளக்கைத் திருப்பினேன். மூடி பாதி சாய்ந்தது. காட்சி முடிந்தது. எல்லோரும் ஒதுங்கி நின்றோம். அர்மிதா ரொட்டியோடு வந்தாள். ஜெர்மன்காரரைப் பார்த்தாள். மன்சோலியைப் பார்த்தாள், அவர் உதட்டில் விரல் வைத்தார். தம்பியைப் பார்த்தாள்.

"கென் ரிட்லி" என்றாள்.

அசைவில்லை. மழை கண்ணாடியில் தட்டிக்கொண்டிருந்தது. இரண்டாம் தடவை கூப்பிட்டாள். ஊளைக்காக நாங்கள் காதைத் தீட்டிக்கொண்டிருந்தோம். மூன்றாம் தடவை கூப்பிட்டதும், கையை ஊன்றாமல், முதுகை வளைக்காமல், அப்படியே நிமிர்ந்து உட்கார்ந்தான். தெரியாத ஊரில் ரயிலைவிட்டு இறங்கியவன் மாதிரி எங்கள் ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்தான்.

"யெஸ், மேடம்" என்றான்.

ஜெர்மன்காரர் கைதட்டினார். மன்சோலி கைதட்டினார். நாங்களும் சிரித்தோம். பயல் என்னமாய் நடிக்கிறான்! அர்மிதா ரொட்டியை நீட்டினாள். "ரொம்ப நன்றி, பசியில்லைங்க" என்று சொல்லிவிட்டுப் பெட்டியைவிட்டு இறங்கிப் போனான். அவள் முகத்தில் ஈயாடவில்லை.

காலிப் பெட்டியை நாங்கள் நாலு பேர் லாரிக்குத் தூக்கினோம். காலையில் அதே பெட்டியை இரண்டு பேர் பேசிக்கொண்டே கொண்டுவந்து வைத்திருந்தார்கள். இப்போது வாசற்படியில் இரண்டு தடவை இறக்கி வைத்து மூச்சு வாங்க வேண்டியிருந்தது. மழையில் பலகை ஊறியிருக்கும் என்றேன்.  மூடியைத் திறந்து பார்க்கலாமே என்று யாரும் சொல்லவில்லை. பெட்டி அதன்பின் என்ன ஆயிற்று என்று யாருக்கும் தெரியாது. எங்கோ ஒரு கிடங்கில் விறகாகியிருக்கும்.

கென் ரிட்லி மேலே போனான். ஒன்றா இரண்டா, ஏகப்பட்ட படங்கள். சட்டை கலையாமல் கொன்றான், சட்டை கலையாமல் செத்தான். அக்காவை "மேடம்" என்றான், எங்களை "ஐயா" என்றான். சாப்பிடுமுன் விரலை முகரவில்லை. சந்தைப் பக்கமே வரவில்லை. அவர்கள் அம்மா இறந்தபோது கல்லறையில் கடைசி வரிசையில் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். எல்லோரையும் போல வரிசையில் வந்து, அர்மிதாவின் கையைப் பிடித்து, "உங்க துக்கத்துல நானும் பங்கெடுத்துக்கிறேன், மேடம்" என்றான். என் ரத்தம் கொதித்தது. திமிர் தலைக்கேறிவிட்டது, காசு வந்தால் தாயும் மறந்துபோகும் என்று வாய்விட்டே திட்டினேன்.

அர்மிதா என்னைத்தான் அதட்டினாள். "அவரைத் திட்டாதே. அவருக்கு அம்மாவை எப்படித் தெரியும்? என் தம்பி பெட்டிக்குள்ளயே இருக்கான். நான் கூப்பிட்டது இவரை. கூப்பிட்டதும் வந்தார், அவர் மேல என்ன தப்பு?"

அன்றிலிருந்துதான் அவள் கொட்டகை கொட்டகையாகப் போக ஆரம்பித்தது. மரப்பெட்டி தொலைந்துபோனால் என்ன, அந்தப் பெட்டி திரையில் இருக்கிறதே. அதில் அவன் கிடக்கிறான். ஆனால் பாவி வெட்டிய வெட்டில் ஒரு கூப்பாட்டுக்குத்தான் இடமிருந்தது, சடங்குக்கு மூன்று வேண்டும்.

காலம் எங்களையும் கைகழுவியது. வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்து பேய்ப் படங்களைச் சும்மாவே காட்டியது. கொட்டகைகள் 'வயது வந்தோருக்கு மட்டும்' என்று சிவப்புச் சுவரொட்டி ஒட்டிக்கொண்டு வேறு வியாபாரத்துக்குப் போயின. மன்சோலி தலையில் துண்டைப் போட்டுக்கொண்டார். கென் ரிட்லிக்கும் வேலை போயிற்று. ரயில் நிலையத்துக்குப் பின்னால் வாடகை அறை ஒன்றில் தனியாக இருந்தார். ஆமாம், 'அவர்' என்கிறேன். அர்மிதாவோடு பழகிப் பழகி எனக்கும் அப்படியே வாயில் வந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் அவருக்கு அர்மிதா வீட்டில் சாப்பாடு. விருந்தாளிகளுக்கு எடுக்கும் நீலக்கரைத் தட்டு, கஞ்சி போட்ட மேசைத்துணி. "சிஞ்ஞோர் ரிட்லி, இன்னும் கொஞ்சம் போட்டுக்குங்க. குடல்கறி உங்களுக்குப் பிடிக்காதுன்னு கோழி வச்சிருக்கேன்." நசரேனோ குடல்கறிக்கு உயிரையே விடுவான். இவரோ முள்கரண்டியை நேராகப் பிடித்து, கொஞ்சமாக வெட்டி, சத்தமில்லாமல் மெல்வார். ரொட்டியைத் தொடவே மாட்டார். ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள் இரண்டு பேர் எதிரெதிரே உட்கார்ந்து 'நீங்க' 'வாங்க' என்று பேசிக்கொள்வதை நான் வாரா வாரம் பார்த்திருக்கிறேன். 

போன மாதம் ஜோவே கொட்டகையில் படம் ஓட்டுகிற எஜீதியோ என்னைத் தேடிக்கொண்டு வந்தான். அந்தப் பிரபு படத்தின் பிரதி ஒன்று அவனிடம் வந்திருக்கிறது. மிச்சமிருப்பது அது ஒன்றுதான். மூலச் சுருள் நிலவறைத் தண்ணீரில் ஊறிக் கூழாகிப்போயிற்று. இந்தப் பிரதிக்கும் உரிமைக் காலம் முடிந்துவிட்டது. சனி, ஞாயிறு ஓட்டிவிட்டுக் கொடுத்துவிட வேண்டும். திங்கட்கிழமை வண்டி வந்து எடுத்துப்போய்க் கோடாலியால் கொத்திப் போட்டுவிடுவார்கள்.

நான் போய்ச் சொன்னபோது அர்மிதா ஒரு தலையணை உறைக்கு ஓரம் அடித்துக்கொண்டிருந்தாள். ஊசி நின்றது.

"அப்போ இதான் கடைசி" என்றாள்.

"ஆமா."

"படத்தை அங்கேயே நிறுத்தச் சொல்லு. மூணு தடவை கூப்பிடுற வரைக்கும்."

"உனக்கென்ன பைத்தியமா? ஓடாம நின்னா விளக்குச் சூட்டுல படம் கருகிடும்!"

"திங்கக்கிழமை கோடாலியால வெட்டப்போறது ஞாயித்துக்கிழமை கருகினா என்னடா?"

 பல வருடமாக எனக்குள் ஒரு கேள்வி கிடந்தது. அதைக் கேட்டேவிட்டேன். "சரி, அவன் வந்துட்டான்னு வை. அப்போ இவர் எங்கே போவார்?"

அர்மிதா ஊசியில் நூல் கோக்க ஆரம்பித்தாள். ஊசியில் ஏற்கெனவே நூல் இருந்தது.

"அவர்கிட்டயே கேட்கணும். கேட்காம செய்யுறது நியாயமில்ல" என்றாள் கடைசியில்.

ஞாயிற்றுக்கிழமை கோழியைப் பரிமாறியபின் கேட்டாள். மழுப்பவில்லை, பெட்டியைப் பற்றி, பெயரைப் பற்றி, தம்பியைப் பற்றி எல்லாவற்றையும் சொன்னாள். கென் ரிட்லி கரண்டியைத் தட்டோரம் வைத்தார். கோபித்துக்கொள்வார், எழுந்து போய்விடுவார் என்று நினைத்தேன். அவர் மேசைத்துணியின் மடிப்பைத் தடவிக்கொண்டிருந்தார்.

"பெட்டி அகலமாத்தான் இருந்துச்சு, இல்லைங்களா மேடம்?" என்றார்.

"ஆமா. நான்தான் உள்ளே பட்டு தைச்சேன்."

"எனக்கும் ரொம்ப நாளா எங்கேயாவது போய்ப் படுத்தாத் தேவலைன்னு இருக்குங்க. இங்க யாரையும் எனக்குத் தெரியல. எல்லாரும் நல்லவங்கதான். ஆனா யாரையும் தெரியல." கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "மதிய ஆட்டம்னா இப்பவே கிளம்பணும் இல்லைங்களா?"

 மனுஷன் தொப்பியை எடுத்துத் தூசி தட்டிக்கொண்டிருந்தார், திருமணத்துக்குப் போகிறவர் மாதிரி.

கொட்டகையில் பத்துப் பதினைந்து பேர். வயசுப் பையன்கள், மழைக்கு ஒதுங்கியவர்கள், தூங்க வந்தவர்கள். நான் முதலில் எஜீதியோவின் அறைக்கு ஏறினேன். ஓட்டம் நின்றால் ஒரு தகடு தானாக விழுந்து விளக்கை மறைத்துவிடும். அதை விழாமல் பிடித்துக்கொள்ள வேண்டும் என்று அவனிடம் சொன்னேன்.

"கொட்டகை பத்திக்கிச்சுன்னா?" என்றான் எஜீதியோ.

"இது பழைய காலத்துச் சுருள் இல்ல, பத்திக்காது. உருகும்."

"உன் மூஞ்சிக்காகச் செய்யுறேன் துல்லியோ. எவனாவது காசைத் திருப்பிக் கேட்டா நீதான் கொடுக்கணும்."

கீழே வந்து அர்மிதாவுக்குப் பின் வரிசையில் உட்கார்ந்தேன். அவள் காலணியைக் கழற்றினாள். ரொட்டியைத் தொட்டுப் பார்த்தாள். பக்கத்தில் அவர், தொப்பி மடியில். ஆந்தை அலறியது, மெழுகுவத்தி அணைந்தது. அவள் கொட்டாவி விடவில்லை.

பெட்டி வந்தது. இசை கீழே இழுபட்டு இறங்கி, முனகி, நின்றது. படம் நின்றது. அசையாத வெளுத்த முகம், மார்பில் கட்டிய கைகள், நான் அன்று பரணிலிருந்து போட்ட அதே வெளிச்சம்.

அர்மிதா எழுந்தாள். "நசரேனோ!"

"ஆரம்பிச்சுட்டாங்கப்பா!" என்றான் ஒரு பையன். யாரும் சிரிக்கவில்லை. பெட்டியின் ஓரத்தில் ஒரு பழுப்புக் கொப்புளம் கிளம்பியது.

"நசரேனோ, எழுந்திருடா!"

கொப்புளம் கைகளுக்கு ஏறியது. பட்டு கருகியது. கைகள் அசைவது போலிருந்தது. உருகும் படம் நெளியத்தான் செய்யும், எனக்குத் தெரியாதா? ஆனாலும் நாற்காலியின் கையை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

"நசரேனோ! அக்கா கூப்பிடுறேன்டா, வீட்டுக்கு வாடா!"

முகம் நடுவில் பிளந்தது. அந்தப் பிளவு வழியே வெறும் வெள்ளை வெளிச்சம் கொட்டகை முழுக்கக் கொட்டியது. வாழ்நாளெல்லாம் விளக்கோடு கிடந்த நான் கண்ணை மூடிக்கொண்டேன். அப்போது ஒரு குரல் கேட்டது.

"இருக்கேன்."

முன் வரிசைப் பையன் எவனாவது விளையாட்டுக்குச் சொல்லியிருக்கலாம். கொட்டகையே கொல்லென்று சிரித்தது, சீட்டியடித்தது. காசு கேட்டு நாலைந்து பேர் கத்தினார்கள். எஜீதியோ விளக்கைப் போட்டான். கருகிய வாடை மேலிருந்து இறங்கியது.

கண்ணைத் திறந்தேன். எனக்கு முன்னால் அர்மிதா உட்கார்ந்துவிட்டிருந்தாள். பக்கத்து இருக்கையை அவள் பார்க்கவில்லை, பார்க்கப் பயப்படுகிறாள் என்று அவள் கழுத்தைப் பார்த்தாலே தெரிந்தது. அங்கே தலை குனிந்திருந்தது, தொப்பி தரையில் கிடந்தது. அவள் திரையையே பார்த்தபடி கைக்குட்டையைப் பிரித்து, ரொட்டியைப் பிட்டு, பக்கவாட்டில் நீட்டினாள்.  நீட்டிய கையை மடக்கவும் இல்லை, திரும்பவும் இல்லை.

வெகுநேரம் கழித்து அவன் ரொட்டியை வாங்கிக்கொண்டான். வாய்க்குக் கொண்டுபோகுமுன் விரல்களை மூக்கருகே வைத்து முகர்ந்து பார்த்தான்.